மீதி இருநூற்றுப் பன்னிரண்டு

இஸ்லுவின் ப்ராஸரின் சுண்டுவிரலில் மாட்டியிருந்தது
பேருந்துப் பணிமனையில் அவனே கழற்றிய
ஒரு பித்தளை உருளை.
பதினொரு வருடம் கியர்ப்பெட்டிக்குள் கிடந்து
ட்ரெடிகர் மேட்டை ஏறி இறங்கியதாம்.
அதற்கு மேடு பள்ளம் தெரியும் என்பான்.
நான் பேஸ் வாசித்தேன். வேன் ஓட்டினேன்.
கணக்கு நோட்டும் என்னிடம்தான்.

எழுபத்து நான்கு. தொழிலாளர் மன்றம்.
இரண்டு பிங்கோ ஆட்டத்துக்கு நடுவே
இருபது நிமிடம் எங்களுக்கு.
மூன்றாம் பாட்டில் அவன் கண்ணை மூடிய நேரம்
நாற்பத்தேழு என்று கூவிவிட்டார் எண் சொல்பவர்.
மொத்தக் கூட்டமும் அட்டையைக் குனிந்து பார்த்தது.
அவன் நிறுத்தவில்லை.
அந்த நாற்பத்தேழைக் கம்பியில் பிடித்து
மேலே இழுத்துப்போய்க் கொஞ்சம் நடுங்கவிட்டு
மெல்ல இறக்கி வைத்தான்.
யாரோ சிரித்தார்கள். யாரோ பீர் வாங்கித் தந்தார்கள்.

கார்டிஃபில் இரண்டு நாளில் ஓர் இசைத்தட்டு.
ஐந்நூறு பிரதி.
உறையில் அவன் பெயரில் ஓர் எழுத்து குறைந்தது.
க்ரோனிங்கனில் அதன் ஒவ்வொரு பிசிறும் தெரிந்தவர்கள்
பதினாறு பேர் இருந்தார்கள், மழையில் காத்திருந்தார்கள்.
பெல்ஜியத்தில் சுவரொட்டி சொன்னது:
இங்கிலாந்தின் ஸ்லைடு மன்னன்.
கடையில் ஒரு தடித்த பேனா வாங்கி
ஊர் முழுக்க நடந்து
நாற்பது சுவரிலும் நாட்டை அடித்து வேல்ஸ் என்று எழுதினான்.
மன்னனை அப்படியே விட்டுவிட்டான்.

சுரங்க வேலைநிறுத்தத்தின்போது
நுழைவுச்சீட்டு ஆளுக்கொரு உணவு டப்பா.
ஓர் இரவில் முந்நூறுக்கு மேல் சேர்ந்தது.
தாள் உரிந்த ஒன்றை எந்தச் சமையலறையும் ஏற்கவில்லை.
அது ஆம்ப்ளிஃபயர் மேலேயே தங்கிவிட்டது.
கீழ்க்கம்பியை வெறுமனே தட்டினால் அதுவும் முனகும்.
உள்ளே பீன்ஸா பீச்சா, இன்றுவரை தெரியாது.

எய்ர்லிஸ் இரண்டு முறை வீட்டை விட்டுப் போனாள்.
ஒருமுறை திரும்பி வந்தாள்.

லீட்ஸில் ஒரு மாணவி எழுந்து கேட்டாள்,
கோபமே இல்லாமல்:
இந்தத் துயரம் வேறு மக்களுடையது,
யாரைக் கேட்டு எடுத்தீர்கள்?
அவன் மைக்கைப் பார்த்தான். கித்தாரைப் பார்த்தான்.
அடுத்த பாட்டைத் தொடங்கினான், தப்பான சுருதியில்.
ராஸ் தாண்டும்வரை வேனில் வைப்பரின் சத்தம்தான்.
பிறகு,
"கேட்கவில்லை" என்றான்.
"யாரிடமும் கேட்கவில்லை."

அதற்கப்புறம் ஒவ்வொரு பாட்டுக்கு முன்னும்
அது எந்த ஆற்றங்கரையில், எந்தப் பருத்திக்காட்டில்,
யார் கையிலிருந்து வந்தது என்று சொல்லத் தொடங்கினான்.
பேச்சு நீண்டது. பாட்டு குறைந்தது.
மன்றங்கள் கூப்பிடுவதும் குறைந்தது.
நோட்டில் அந்த இரண்டு வருடம் பாதிப் பக்கம்கூட இல்லை.

ப்ரின்மாரில் விரிப்புக் கிடங்காகிவிட்ட ஒரு சேப்பலில்
சுருட்டிய கம்பளங்களுக்கு நடுவே
இரண்டாம் தட்டைப் பதிந்தோம்.
அங்கே பாடிப் பாடித் தேய்ந்த துதிப்பாடல்கள்,
பாடகர் இல்லாமல், பித்தளையால் மட்டும்.
வெல்ஷ் அவனுக்கு வராது.
"சொல் தெரியாது, வளைவு தெரியும்" என்றான்.
கம்பளங்கள் எதிரொலியைக் குடித்துவிட்டன.
அதுவும் நன்றாகத்தான் இருந்தது.

இப்போது மணிக்கட்டில் தையல் தழும்பு.
கித்தாரை மடியில் கிடத்தி வாசிக்கிறான்,
க்ரிக்ஹவல் பப்பில், வியாழக்கிழமைகளில்.
தலைக்கு மேல் ஊமைத் தொலைக்காட்சியில் ரக்பி.
முயற்சி விழும்போது எழும் ஆரவாரத்தை
தனக்கென்று எடுத்துக்கொண்டு தலை வணங்குகிறான்.
ஃபின்லாந்திலிருந்து உரிமைத்தொகை வந்தது:
நாலு பவுண்டு பதினேழு பென்ஸ்.

மாடிப்படிக்குக் கீழே முதல் தட்டின் மிச்சம்,
இருநூற்றுப் பன்னிரண்டு.
போன வியாழன் ஒன்று விற்றது.
வாங்கிய பையனிடம் அதைப் போட்டுக் கேட்கக் கருவி இல்லையாம்,
உறை பிடித்திருந்ததாம்.
இஸ்லுவின் என்னிடம் பேனா கேட்டான்.
விட்டுப்போன எழுத்தைப் பெயருக்குள் நெருக்கி எழுதி,
மை காய ஊதி, நீட்டினான்.

நோட்டில் நான் இன்னும்
எண்ணை மாற்றவில்லை.