உப்பில்லா நாள்

உப்பில்லாப் பண்டம் குப்பைக்கு.
அது மற்ற ஊர்களில்.
லாக்ரியில் அது வானத்துக்கு.

ஆகஸ்ட் கடைசி வியாழன்.
காகசஸ் பனி மேலேறிப் போய்
கல் கோபுரங்களின் நிழல் குட்டையாகிவிட்ட பகல்.
பார்லி மாவை மூன்று இரவு புளிக்கவிட்டு
ஒரு கல் உப்பும் படாமல் சுட்டெடுக்கிறார்கள்.
பிசைகிறவர்கள் வியர்க்கக் கூடாது;
அதனால் விடியுமுன்,
ஜன்னலைத் திறந்துபோட்டு, பல் தந்தியடிக்க.
அடுப்பைத் திறந்ததும்
ரொட்டியை எட்டிப் பிடித்துக்கொள்ள வேண்டும்.
போன வருஷம் ஏழு ரொட்டிகள்
புகைபோக்கி வழியே போய்விட்டன.

ஒரு ரொட்டிக்கு முற்றத்து மதில் உயரம்.
ஒன்றரைக்குக் கோபுர உச்சி.
இரண்டு தின்றால் காக்கைகள் முகம் சுளிக்கும்.
மூன்று யாரும் தின்பதில்லை.
வால்நட் வைத்துத் தின்றால் ஒருபக்கம் சாய்ந்து பறப்பீர்கள்,
தேன் தடவினால் வட்டமாக.
பாதிரியார் வெறும் ரொட்டி தின்று நேரே எழும்பி
தேவாலயக் கூரையில் உடைந்த ஓடு மாற்றுவார்;
ஏணி வாடகை மிச்சம்.

நான் நர்கிசா. கீழே இருப்பவள்.
பூண்டும் மிளகாயும் சேர்த்து இடித்த உப்பைச்
சிவப்புத் துணியில் முடிந்து
ஆளுக்கொன்று மணிக்கட்டில் கட்டிவிடுவேன்.
இறங்க நினைக்கையில் நக்க வேண்டும், மெள்ள மெள்ள.
அவசரப்பட்டு விழுங்கினால் என்னவென்று
பெக்னுவின் முழங்காலைக் கேளுங்கள்.
உப்பு இடித்த விரல் உதட்டில் பட்டாலே போச்சு,
எத்தனை தின்றாலும் தரைதான் எனக்கு.
இந்த விளையாட்டில் நான் உப்புக்குச் சப்பாணி.
நோட்டில் கணக்கு எழுதுகிறேன்:
போன முடிச்சு, வந்த முடிச்சு.

முர்சா கையை நீட்டினான்.
பாதி ஊருக்குக் கடன்காரன்,
உப்புக்குப் பெறாதவன் என்று பேரெடுத்தவன்.
கட்டினேன்.
கோபுரம் தாண்டும்போது அவிழ்த்துப் போட்டான்.
குறிபார்த்ததுபோல என் மடியில் விழுந்தது.

பிறகு அவன் பொத்தானளவு.
பிறகு எள்ளளவு.
மூணு தின்னான் என்றது ஒரு குழந்தை.
எண்ணிக்கொண்டிருந்ததாம்.

யார் போவது?
தேன் வட்டத்தில் சுற்றிக்கொண்டிருந்தவர்கள்கூட
வேறு பக்கம் பார்த்தார்கள்.
சியூரிதான் பெஞ்சிலிருந்து எழுந்தாள்.
ஒரு கிடாவும் இரண்டு வண்டி வைக்கோலும் பாக்கி,
இவன் செத்தால் வானமா தரும் எனக்கு, என்றாள்.
நின்றபடியே மூன்றை முடித்து
நான்காவதைக் கடிக்கையில் செருப்பு கழன்றது.
அவசரமாக இரண்டு முடிச்சு கட்டினேன்,
அவளுக்கொன்று, அவனுக்கொன்று.

ஆட்டுக்கறிச் சூப் ஆடை கட்டியது.
பசுக்களைக் கறக்கப் போனவர்கள் கறந்து திரும்பினார்கள்.
மேலிருந்து ஒரே ஒரு சொல் வந்தது: கிடா.
மீதியைக் காற்று வைத்துக்கொண்டது.

அப்புறம் ஒரு துளி.
மழையென்று கன்னத்தைத் துடைத்தேன்.
பழக்கதோஷம், விரல் நாக்குக்குப் போனது.
உப்பு.
ஆனால் என் உப்பில்லை.
பூண்டில்லை, மிளகாயில்லை.

அழுதுகொண்டே இறங்கினான் முர்சா.
வழிந்தது வாய்க்குள் போகப் போக
ஒரு முழம், நின்று, இன்னொரு முழம்.
அவன் சட்டைக் காலரைப் பிடித்தபடி சியூரி.
அவன் முகத்தையே பார்த்தது ஊர்.
நான் அவள் மணிக்கட்டைப் பார்த்தேன்:
இரண்டு முடிச்சும் கட்டியது கட்டியபடி.

கிடாவை ஞாயிற்றுக்கிழமை ஓட்டி வா, என்றாள்
தரை தொட்டதும், மூக்கை உறிஞ்சாமல் இருக்கப் பாடுபட்டு.

இரவு கணக்கு முடித்தேன்.
கட்டியது நூற்றுப் பதினான்கு.
பிரிக்காமல் திரும்பியது மூன்று.
காரணம் என்ற கட்டத்தில்
‘காற்று’ என்று எழுதிவைத்தேன்.

மிஞ்சிய ரொட்டியொன்று உத்தரத்தில் முட்டிக்கொண்டிருந்தது.
துடைப்பத்தால் தட்டி இறக்கி நாய்க்குப் போட்டேன்.
விடியும்வரை
விட்டத்துக்குக் கீழே மிதந்தபடி குரைத்தது.
உப்பைக் காட்டிக் காட்டிக் கூப்பிட்டேன்.
வாலை ஆட்டியது,
வரவில்லை.