ஆள் ஆஜர்

மனுவில் உன் பெயர் ஒரே ஒரு இடத்தில்தான், மகிழினி.
அதற்கப்புறம் எல்லாம் ‘மேற்படி மைனர்.’
மதுரைக் கிளை கேட்டது ஓர் ஆளை.
பணகுடி ஸ்டேஷனிலிருந்து நான் கொண்டுபோனது
ஒற்றைச் செருப்போடு பதினாலு கிலோ.

காவல்கிணறு தாண்டிக் காற்றாலைக் காட்டுக்குள்
வாட்ச்மேன் அறையில், கட்டிலுக்கடியில் இருந்தாய்.
ஒளித்துவைத்திருந்தான் என்று நான் எழுத வேண்டும்.
நீயோ, கண்டுபிடிக்க இவ்வளவு நேரமா
என்பதுபோல் பார்த்தாய்.
“எம்பிள்ளையத்தான வச்சிருக்கேன்,
இதுல என்ன களவு இருக்கு?” என்றான் சுடலைக்கண்ணு.
கேட்டுக்கொண்டே உனக்குத் தலை சீவினான்,
வகிடு கோணலாக.

நாங்குநேரி டோல்கேட் வரை விசிறிகளை எண்ணினாய்.
இருபத்தெட்டு, இருபத்தொன்பது,
இருபத்திப்பத்து.
கயத்தாறில் மறுபடி ஒன்றிலிருந்து.
சாத்தூரில் கேட்டு வாங்கிய வெள்ளரிக்காயைத்
திருமங்கலத்தில் என் காக்கியில் கக்கினாய்.

கோர்ட்டு வராந்தாவில் முப்பிடாதி,
திருப்பூர் பனியன் கம்பெனி அட்டையைக்
கழுத்திலிருந்து கழற்ற மறந்து.
ஓடிவருவாய் என்று கையை விரித்தாள்.
நீ என் பெல்ட்டைப் பிடித்துக்கொண்டாய்.
விரித்த கை கொஞ்ச நேரம் அப்படியே நின்றது,
பிறகு மூக்கைத் துடைக்கப் போயிற்று.

நீதிபதி கனிவாகத்தான் கேட்டார்:
அப்பாகிட்ட எத்தனை நாள் இருந்தே, பாப்பா?
“இருபத்திப்பத்து.”
மனுவில் நாற்பத்தொன்று.
எல்லோரும் சிரித்தார்கள்.
சுடலைக்கண்ணு மட்டும் தலையாட்டினான்,
கணக்கு சரிதான் என்பதுபோல்.

ஆள் ஆஜர். மனு முடித்துவைக்கப்படுகிறது.
அம்மாவோடு நீ. மாதம் இரண்டு சனிக்கிழமை அப்பன்.
மற்றதைக் குடும்ப நீதிமன்றத்தில் பார்த்துக்கொள்ள வேண்டியது.

திரும்பும் ஜீப்பில் காராச்சேவுப் பொட்டலத்தைப் பிரித்து
டிரைவர் ஈனமுத்து நீட்டுகிறார்:
“எக்கா, ஒங்க பயலுக்கும் இதுமாரி ஒண்ணு
போட்டா என்னக்கா?”

பதினைந்து வயது. களக்காட்டில் அவன் அப்பனோடு.
வாசல் திறந்தே கிடக்கிறது.
பஸ் அரை மணிக்கு ஒன்று.
என் நம்பர் அவனுக்கு மனப்பாடம்.
யாரும் அடைத்துவைக்கவில்லை என்பதை
எந்த மனுவில் எழுத, ஈனமுத்து?

வள்ளியூர் தாண்டிவிட்டது.
இருட்டில் விசிறிகள் தெரியவில்லை,
உச்சியில் சிவப்பு விளக்குகள் மட்டும்.
எண்ணிக்கொண்டு வருகிறேன்.
இருபத்தொன்பதுக்கு மேல்
முப்பது வாயில் வரமாட்டேன் என்கிறது.