கலைத்தல்

அளுத்கடை. மூன்று மின்விசிறிகளில்
ஒன்று சுற்றுகிறது.
சிங்களத்தில் கேட்பதைத் தமிழில் இறக்கி
தமிழில் சொல்வதைச் சிங்களத்தில் ஏற்றுபவள் நான்,
புறக்கோட்டை நாட்டாமை மாதிரி.
மூட்டைக்குள் என்னவென்று கேட்கக் கூடாது.

எண்பத்து மூன்றாம் ஆண்டுச் சட்டம் என்றார்கள்.
வயிறு ஒருமுறை இழுத்துக்கொண்டது.
இல்லை, இது வேறு எண்பத்து மூன்று,
அதற்கும் நூறு வருடம் முந்தியது.

கூண்டில் யோகமலர்.
ஊர் பொகவந்தலாவை,
கிராண்ட்பாஸில் சட்டைக் கொலர் தைப்பவள்.
எல்லோருடைய கழுத்தையும் பார்த்துக்கொண்டு நிற்கிறாள்.
‘கருச்சிதைவு விளைவித்தமை’
அவளுக்குப் பிடிபடவில்லை.
கலைச்சீங்களா, என்றேன்.
எங்கள் பக்கம் கலைப்பதென்றால் துரத்துவது:
நாயை, காகத்தை,
ஒரு ஆடி மாதம் எங்களை.
பாராளுமன்றத்தையும் கலைக்கிறார்கள்,
அதற்கு வர்த்தமானி வரும், கூண்டு வராது.
"கழுவினேங்க" என்றாள்
சோற்றுப்பானையைச் சொல்வதுபோல.

சட்ட உதவிக்கு வந்த சந்தலி எழுந்தாள்.
அசீரியாவில் கழுவேற்றினார்களாம்,
புதைக்கவும் விடவில்லையாம்.
ருமேனியாவில் தொழிற்சாலைக்கே வைத்தியர் வந்து
பெண்களின் வயிறு பார்த்தாராம்.
இந்தப் பிரிவை எழுதிக் கப்பலேற்றியவர்கள்
தங்கள் ஊரில் அதை மாற்றி
அரை நூற்றாண்டு தாண்டிவிட்டது, கனம் நீதவான் அவர்களே.

நீதவான் தலை நிமிரவில்லை.
"மிஸ், இது அளுத்கடை."

அசீரியாவையும் பெயர்த்தேன்.
"அது எந்தப் பக்கமுங்க?"
பதில் சொல்வது என் வேலையில் இல்லை.

பிறகு, எந்த இடம் என்று கேட்டார்.
மருதானை.
மருதானையில் எங்கே?
"தெருப் பேரு தெரியாதுங்க. ஒடுக்கமான படி.
கீழ கண்ணாடிக் கடை. ஏற ஏற டெட்டோல் வாசம்."

பதினேழு படி.
ஒன்பதாவது ஆடும், சுவரைப் பிடிக்க வேண்டும்.
கடைக்காரர் நிலைக்கண்ணாடிகளைத்
தெருவைப் பார்த்துச் சாத்தியிருப்பார்;
இறங்கி வருகிறவள்
ஏழெட்டுத் தடவை தன்னைக் கடந்துதான் போகவேண்டும்.
மத்திய வங்கி வெடித்த கிழமை அது.
சோதனைச் சாவடியில் கைப்பையைக் கொட்டச் சொன்னான்,
பஞ்சுக்கட்டைக் கண்டதும்
அந்தச் சிப்பாய்ப் பையன்
முகத்தைத் திருப்பிக்கொண்டான்.
என் அடையாள அட்டையைக்கூடக் கேட்கவில்லை.

கூட்டாமல் குறைக்காமல் பெயர்ப்பேன் என்று
சத்தியம் செய்திருக்கிறேன்.
நீதவானைப் பார்த்து
நல்ல சிங்களத்தில் சொன்னேன்:

தெருவின் பெயர்
தெரியாதாம்.