அடைவு

ஒடில்டா பெருட்டியின் ஐந்து புத்தகங்களுக்கும்
கடைசிப் பக்கங்களை எழுதியவன் நான்.
யாரும் வாசிக்காத,
எல்லோரும் புரட்டுகிற பக்கங்கள்.

முதல் நூல் குழுக்களைப் பற்றியது.
பால் விலைக் குழு பதினொரு முறை கூடியும்
ஏன் ஒரு வரி எழுதவில்லை என்பதற்கே நாற்பது பக்கம்.
இரண்டாவது, எண்ணிக்கை.
தொண்ணூற்றொன்பது நாற்காலிகள்,
யார் வந்தார், யார் கை தூக்கினார்,
கை தூக்கும் நேரம் பார்த்து
யார் காப்பி குடிக்கப் போனார்.
மக்களாட்சி மேடையில் இல்லை
வருகைப் பதிவேட்டில் இருக்கிறது என்பார்,
மாத்தே குடுவையை மேசையில் தட்டியபடி.
ஈர இலைத்தூள் என் அட்டைகளில் தெறிக்கும்.

அந்த இரண்டாம் நூலில், ஏழாம் அட்டவணையில்
ஆகக் கீழே ஒரு பெயர்:
ஃபெர்மின் சரசோலா, ரோச்சா மாவட்டம்.
கடைசித் தொடரில் அமர்வுகள் இருபத்தாறு,
வந்தது ஐந்து.
நான் அடைவில் போட்டேன்:
வராதோர், காண்க சரசோலா.
கொஞ்சம் சிரித்துக்கொண்டேதான் போட்டேன்.

மனிதர் அவையில் பேசியதே மூன்று முறை.
ஒரு பாலத்துக்குப் பலகை கேட்டார்.
கம்பளி விலையில் ஓர் எண்ணைத் திருத்தினார்.
மூன்றாம் முறை எழுந்து
ஜன்னலைச் சற்றுத் திறக்கலாமா என்றார்.
சபைக்குறிப்பில் அடைப்புக்குள்: (சிரிப்பு).

பிறகு சில நாள்
கோரம் இல்லை, கோரம் இல்லை என்று கலைந்த அவையை
ஒரு விடியலில் வெளியிலிருந்து பூட்டினார்கள்.
அது மூன்றாம் நூல். அதில் அவர் பெயர் இல்லை.

பத்தொன்பது ஆண்டு கழித்து
நிபியா சரசோலா செருப்புப் பெட்டியோடு வந்தாள்.
கோபமாக வரவில்லை. மழைக்கோட்டைக்கூடக் கழற்றவில்லை.
பெட்டிக்குள் ராணுவ முகாமின் ரசீதுகள்:
சட்டை இரண்டு, பெற்றுக்கொண்டேன்.
கம்பளிக் காலுறை ஒரு ஜோடி, பெற்றுக்கொண்டேன்.
உள்ளாடை, ரத்தக்கறை, திருப்பியனுப்பப்பட்டது.
ஒவ்வொன்றிலும் தேதி, ஒரு கார்ப்பரலின் கோழிக்கிறுக்கல்.

ஒடில்டா எண்ணினார். வேறென்ன செய்வார்.
இருபத்தொரு அமர்வுகளும்
முதல் ரசீதுக்கும் கடைசி ரசீதுக்கும்
நடுவில் வந்து உட்கார்ந்தன.

அன்றிரவு தொலைபேசி. ஜூலைக் குளிர்,
ஆற்றுக் காற்று கண்ணாடியை உலுக்கிக்கொண்டிருந்தது.
அவரை அங்கிருந்து எடு, என்றார்.
எடுத்து எங்கே வைக்க?
கைதானோர்? பிடியாணை இல்லையே.
விடுப்பு? அவர் கேட்கவில்லை.
காலியிடம்? அப்படி யாரும் அறிவிக்கவில்லை,
சம்பளம்கூட இரண்டு மாதம் போயிருக்கிறது.
அகரம் முழுக்க இருவரும் நடந்தோம்.
முப்பது வருஷம், என்றார் கடைசியில்,
பெட்டி பெட்டியாகப் பிரித்து வைப்பதுதானே என் தொழில்.
பிறகு வெகுநேரம் கம்பி இரைந்தது.

மறுபதிப்பில் இப்படி இருக்கிறது:
சரசோலா, ஃபெர்மின், 61, 88, 112,
அதன்பின் இருபத்தொரு கோடுகள்.

அச்சகம் அத்தனையையும் சிவப்பில் அடித்து அனுப்பியது.
ஒவ்வொன்றின் அடியிலும் புள்ளி வைத்து
ஓரத்தில் எழுதினேன்: இருக்கட்டும்.
அவரிடம் கேட்காமல்
இறுதி எழுத்துகளுக்கிடையே ஒன்றைச் செருகினேன்:
ஜன்னல், 112.

முந்நூறு பிரதிகள். இதுவரை ஒரே ஒரு கடிதம்.
சால்ட்டோவிலிருந்து ஒரு மாணவன்:
அடைவில் அச்சுப்பிழை, அம்மையீர், வெறும் கோடுகள்.

ஒடில்டா பதில் எழுதிக்கொண்டிருக்கிறார்.
மூன்றாவது தாள்.
இன்னும் ‘அன்புள்ள’ தாண்டவில்லை.