மூட்ட நாள்

சேர்வராயன் மலையில் ஆண்டுக்கு இருபது வளைவுகள்.
அடிவாரத்து வெயிலில் பிறக்கும்,
ஏற்காட்டு ஏரிக்கரையில் மூச்சு வாங்கி முடியும்.
மாதம் திரும்பும்போது ஹாரன் அடிப்பது சட்டம்:
எதிரே போன வருஷம்
இறங்கி வந்துகொண்டிருக்கலாம்.

மேகம் மூடிய நாளுக்குத் தேதி இல்லை.
கண்ணுக்குத் தெரியாததை எண்ணாதே
என்கிறது பஞ்சாங்கம்.
அன்றைக்கு வயசு ஏறாது,
கடனுக்கு வட்டி ஓடாது,
கூலியும் கிடையாது.

பதினாலாம் வளைவில்
நாள் எழுதும் குமாஸ்தா நான்.
மஞ்சக்குட்டை சடைச்சி வந்தாள்.
பேரேட்டின் மேலேயே
கூடையைக் கவிழ்த்தாள்.
காப்பிப் பழம்.
ஈரம் போகாத சிவப்பு
கார்த்திகைக் கணக்கெல்லாம் கலைத்துக்கொண்டு
மேசைக்கடியில் உருண்டது.

“எண்ணு.”
“எதை?”
“நீ இல்லேன்னு எழுதின நாளை.”

விதிப் புத்தகத்தில் பழத்துக்குப் பக்கம் இல்லை.
புரட்டிப் பார்த்தேன், பார்ப்பதுபோல.
பிறகு குனிந்து பொறுக்கினேன்.
நாற்பத்தொன்றில் தப்பிப்போய்
மறுபடி ஒன்றிலிருந்து.

ஜன்னலில் மேகம் வந்து நின்றது.
இன்றைக்கும் தேதி கிடையாது, என் சம்பளத்துக்கும்.
அவள் நகரவில்லை.
விரல் நுனியெல்லாம் பிசுபிசுப்பு.

கீழே எங்கோ ஒரு ஹாரன்.
ஏறுகிறதா, இறங்குகிறதா,
தெரியவில்லை.
அறுபத்தேழு, என்றேன்.
அறுபத்தெட்டு, என்றாள்.