பிசிறு

ஒண்ணரை ஷிப்டில் தூக்கம் வராமலிருக்க
நான் கொலைகள்தாம் கேட்பேன்.
செக்கிங் மேசையில் பனியன் குவியல்,
வலது கையில் ட்ரிம்மர்,
இடது காதில் அந்த ஆள்.
நல்ல குரல் அவருக்கு.
மழையையும் கதவு கிறீச்சிடுவதையும்
பின்னால் ஓடவிடுவார்.

சேலத்துக் கிணற்றுப் பெண்ணைத்
தக்காளிச் சோறு தின்றபடி கேட்டிருக்கிறேன்.
கரூர் பஸ்ஸில் ஏறிய பையன்
இறங்கவேயில்லை என்று முடிந்தபோது
ஒரு டஜன் பீஸ் கூடுதலாக முடித்திருந்தேன்.

போன வியாழன் குரல் சொன்னது:
“திருப்பூர். மங்கலம் ரோடு.
முப்பத்தாறு வயது தெய்வானை...”

தெய்வானை இல்லைங்க, தெய்வாத்தாள்.
எங்களுக்குத் தெய்வா.
எனக்கு வலப்பக்கம் மூன்றாவது ஸ்டூல்.

சிவப்புச் சேலை என்றார்.
அன்றைக்குச் சுடிதாருக்கு மேல்
ஒரு கை மட்டும் நீண்டுபோன
ரிஜெக்ட் சட்டை.
பேரழகி என்றார்.
பல்லுக்குக் கம்பி போடவென்று
சீட்டுக் கட்டிவந்தாள், இரண்டு தவணை பாக்கி.
யாரிடமும் பேசாதவளாம்.
ஏனுங், அவ வாய் மூடி யாருங்க பாத்தது?

நொய்யலோரச் சந்தில்
அவளை நடக்கவிட்டார்கள்.
டக் டக்கென்று குதிகால் செருப்புச் சத்தம்.
தெய்வா போட்டது ரப்பர் செருப்பு.
பின்னால் வந்து நின்றாலும் தெரியாது.

அந்த இடத்தில் நிறுத்தினார்.
குக்கர் விளம்பரம்.

காதிலிருந்து பிடுங்கியிருக்கலாம்.
பிடுங்கவில்லை.
செய்தவன் யாரென்று எனக்குத் தெரியும்,
கோர்ட்டு வாசலில் முகத்தையும் பார்த்தேன்.
இருந்தும் அடுத்தது என்னவென்று
ட்ரிம்மரைப் பிடித்த கை
அந்தரத்தில் காத்திருந்தது.
இதை நான் யாரிடமும் சொன்னதில்லை.

வெட்டிய பிசிறெல்லாம் மேசைக்கடியில் கிடக்கும்.
விடிந்ததும் மூட்டை கட்டிவிடுவார்கள்.
தெய்வா மட்டும் கிளம்பும்போது
எங்கள் தோளில் ஒட்டியிருப்பதை
ஒவ்வொன்றாய் எடுத்துப் போடுவாள்.
“இந்தக் கோலத்துலயா பஸ் ஏறுவே?”

பூ வாங்கிய வகையில் அவளுக்கு
நாற்பது ரூபாய் தரவேண்டும் நான்.
கிணற்றுப் பெண்ணுக்கும்
யாராவது தரவேண்டியிருக்கும்.
அவள் பெயர் என்ன?
கேட்டேனே, முழுசாய்க் கேட்டேனே.

இன்றைக்குப் பேக்கிங் பையன் வந்து நிற்கிறான்.
“அக்கா, புதுசு போட்டிருக்காங்க, கோபியாமா.
கேக்கறீங்களா?”
அவன் தோளில் நீல நூல் ஒன்று.

நில்லு சாமி, என்றேன்.