கலந்தான் ௧

டவாலி கூப்பிடுகிறார்.
தொட்டையன், தொட்டையன், தொட்டையன்.
மூன்றாவது தடவைக்கு
டீயைப் பாதியில் வைத்துவிட்டு ஓடி வருகிறான் மகன்.
தொட்டையன் செத்து ஒன்பது வருடம்.
கிருஷ்ணகிரி கோர்ட்டில் வழக்குக்கு வயது முப்பத்தொன்று.

வழக்கு ஒரு களத்துக்கு.
மத்தூர்ப் பக்கம், முப்பது சென்ட்,
ஒரு காலத்தில் கேழ்வரகு அடித்த தரை.
இப்போது மாங்கூழ் ஆலை லாரிகள்
தார்ப்பாய்க்கடியில் பழம் கசியக் கசிய
முறைக்குக் காத்து நிற்கிற இடம்.

ஆதாரம், பாகப்பிரிவினைப் பத்திரத்தின் நகல்.
நகலின் நகல் என்பதே சரி.
பதினேழாம் வரி:
இளையவன் மாதையனுக்குக் களம் தானமாக.
அதைச் சொல்லும்போது எங்கள் வக்கீல்
கோட்டுக் கையை ஒரு விரற்கடை மேலே இழுத்துக்கொள்வார்.
எதிர்க்கட்சி வக்கீல் எழுந்து,
கூடப் பிறந்தவனுக்கு எதற்கய்யா தானம்,
களம் என்ன தாம்பூலத் தட்டில் வைக்கிற வாழைப்பழமா, என்பார்.
நியாயமான கேள்வி.
நான் குமாஸ்தா. என்னை யாரும் கேட்கவில்லை.

போன மாசியில் மூலப்பத்திரம் கிடைத்தது.
கரையான் தின்றது போக மிச்சம்.
எழுத்துக்குப் புள்ளி கிடையாது,
வார்த்தைக்கும் வார்த்தைக்கும் சந்து கிடையாது.
பெரிதாக்கிக் கொடு என்று
பழையபேட்டை ஜெராக்ஸ் கடையில் நீட்டினேன்.
கண்ணாடிமேல் வைத்த ஷாஹிதா மூடியைச் சாத்தவில்லை.
குனிந்து வாய்விட்டுப் படித்தாள்:
சொம்பு ரெண்டு, குத்துவிளக்கு ஒண்ணு, கலந்தான் ஒண்ணு.

களம், என்று திருத்தினேன்.
"ல தாண்ணா போட்டிருக்கு.
பக்கத்துல இருக்கிறது க இல்ல, நம்பர்.
விளக்குக்கும் அதேதான், பாருங்க.
கலம்னா எங்க வீட்ல பேனா.
கலந்தான்னா அது வைக்கிற பெட்டி.
காஜியார் ஆபீஸ்ல ஒண்ணு கிடக்கு,
ரப்பர் ஸ்டாம்பு போட்டு வச்சிருக்காங்க."
அப்புறம் மூடியைச் சாத்தினாள்.
பச்சை வெளிச்சம் அந்த வரிமேல் ஒருமுறை போய்வந்தது.

அகராதியைப் புரட்டினேன்.
கலம், பாத்திரம். கப்பல். நகை.
பன்னிரண்டு மரக்கால். பத்திரம் என்றும் ஒரு பொருள்.
கலந்தானுக்கு ஒரே வரி:
மைக்கூடும் நாணல் பேனாவும் வைக்கும் பெட்டி.
மூலப்பத்திரத்தோடு ஒட்டி வந்த கர்ணம் கணக்கில்
ஒரு செலவு எழுதியிருந்தது:
கலந்தான் தூக்குகிற பையனுக்கு மாசம் கால் ரூபாய்.
பாறைமேட்டில் ஏறும்போதும் மசி சிந்தாமல்
கர்ணத்துக்குப் பின்னால் நடந்திருப்பான்.
பெயர் எழுதவில்லை.
பெட்டி அவன் கையில்தான் இருந்தது.

தொட்டையன் மகனைக் கேட்டேன்.
"பித்தளையா, நீட்டமா, ஓரத்துல ரெண்டு குழி?
வீட்லதான் இருக்கு சார்.
சர்க்கரைக்குப் போடுற பேனாவை அம்மா அதுலதான் வைக்கும்.
ஒரு குழியில பஞ்சு, ஒண்ணுல ஸ்பிரிட்டு."
இன்சுலின் பேனா.
அவன் சாதாரணமாகத்தான் சொன்னான்.
எனக்குத்தான் உட்கார வேண்டியிருந்தது.
மாதையனுக்குக் கொடுத்ததை
மாதையன் வீடு தொலைக்கவே இல்லை.

வக்கீலிடம் சொன்னேன்.
வெற்றிலையை மென்று முடிக்கும்வரை பேசாமல் இருந்தார்.
"அப்போ களம் நமக்கு இல்லைன்னு ஆகுது.
முப்பத்தொரு வருஷ பீஸ்யா.
களம்னே அடி."

அடித்தேன். ள.
பின்னால் போய் அழித்துவிட்டு, ல.
தப்பான சொல்லுக்கெல்லாம் சிவப்புக் கோடு போடுகிற கணினி
இதற்குப் போடவில்லை.
கலந்தான்: அதற்கு அது வினைமுற்று.
எவனோ எதையோ எதோடோ கலந்தான்.
பத்திரத்தை நகலெடுத்த அந்தக் குமாஸ்தாவாக இருக்கலாம்,
மத்தியானத் தூக்கத்தில்.

பிரிண்டர் மூன்று பிரதி தள்ளியது.
வக்கீல் படிக்காமல் கையை நீட்டினார்,
கையெழுத்துப் போட என் பேனாவுக்கு.